கொங்கு நாட்டு ஊன்வினைச்சி: சதை போடும் நிபந்தனைகள்

கேள்வி: கொங்கு நாட்டில், கவலை (எருது பூட்டித் தோல்பையால் கிணற்று நீர் இறைப்பது) இறைத்த காலத்தில் நடக்கும் ஒரு மாயக்கதை எழுதுகிறேன். நாயகி ஓர் ‘ஊன்வினைச்சி’. உயிருள்ள தோல், சதை, எலும்பு, தண்டு, வேர் இவற்றை வளைத்து, ஒட்டி, வளர்த்து மாயப் பொருள்களும் புது உயிர்களும் செய்வது அவள் தொழில். இதை நம்பும்படி எழுதுவது எப்படி? அவளால் எதெல்லாம் முடியலாம், எதெல்லாம் முடியக்கூடாது? கருவி, கூலி, ஊரில் அவள் இடம், இறந்ததை எழுப்பலாமா என்பது வரை எல்லாம் வேண்டும்.

பதில்:

முதலில் ஒரு வேண்டுகோள். அவளைச் சிற்பியாக மட்டும் ஆக்கிவிடாதீர்கள். இந்த மாதிரித் தொழிலை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அங்கேதான் சறுக்குகிறார்கள். கையை நீட்டியதும் சதை குழைகிறது, நினைத்த உருவம் வந்துவிடுகிறது. இரண்டாம் அத்தியாயத்துக்கு மேல் வாசகனுக்குப் பயமும் இல்லை, ஆவலும் இல்லை. உயிருள்ள சதைக்குத் தன் வடிவம் என்ன, தான் எங்கே இருக்க வேண்டும் என்பதில் ஒரு பிடிவாதம் உண்டு. உங்கள் நாயகியின் மாயம் அந்தப் பிடிவாதத்தோடு பேரம் பேசும் வித்தையாக இருக்கட்டும். காங்கயம், தாராபுரம் பக்கம் கால்நடை மருத்துவராக வேலை பார்த்துவிட்டு, இப்போது தோட்டத்தில் ஒட்டுக்கட்டிக்கொண்டு பொழுதை ஓட்டுகிறவன் நான். அந்தப் பேரத்தில் சதை என்னென்ன நிபந்தனை போடும் என்று எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். அவற்றில் முக்கால்வாசி மாயமே இல்லாமல் நிஜத்தில் உள்ளவை.

தொழிலின் மூலக்கதையைப் புங்க மரத்தடியில் தொடங்குங்கள். வாய்க்கால் ஓரத்துப் புங்கனில் ஓர் இலையைப் புரட்டிப் பார்த்தால் விரல் விரலாகச் சின்ன முடிச்சுகள் எழும்பி நிற்பதைப் பலமுறை காணலாம். ஏதோ நோய் என்று கடந்துபோகிறோம். தென்னங்குரும்பையைச் சொறியாக்கிப் பொள்ளாச்சிக்காரர்களை அழவைத்த ஈரியோபைட் சிலந்தி இருக்கிறதே, அதன் பங்காளி ஒன்று புங்க இலையில் கட்டிக்கொண்ட வீடு அது. ஆள் கால் மில்லிமீட்டர்கூட இராது. இலையைச் செதுக்கவோ வளைக்கவோ அதற்குத் தெம்பில்லை. இளந்திசுவில் உறிஞ்சும்போது அதன் எச்சிலில் ஏதோ ஒரு சேதி போகிறது. மீதி வேலையை இலையே செய்கிறது. தன் சொந்தத் திசுவால், தன் சொந்தச் செலவில், அழையாத விருந்தாளிக்கு அறை கட்டிக் கொடுக்கிறது. நாட்டு மருந்துக் கடையில் குழந்தைக்கு உரைக்க வாங்குகிற மாசிக்காயும் இதே கதைதான். ஒரு சிறு குளவி ஓக் மரத்தில் முட்டையிட, மரம் அதைச் சுற்றி எழுப்பிய கோட்டை அது.

ஆக, உங்கள் நாயகியின் முதல் பாட்டிக்கு வித்தையைக் கற்றுக்கொடுத்தது சித்தரோ தேவதையோ ஆக வேண்டியதில்லை. ஒரு புங்க இலை போதும். சதைக்கு உத்தரவு போட முடியாது, சேதி சொல்லத்தான் முடியும் என்று அந்தப் பாட்டி கண்டுபிடித்தாள். அது சரியான சேதியாக இருந்தால் சதை தானே கட்டும்.

சேதி என்றால் என்ன? 1957இல் ஸ்கூக், மில்லர் என்ற இருவர் புகையிலைத் தண்டின் உள்சோற்றை வைத்து ஒரு சோதனை செய்தார்கள். ஆக்சின், சைட்டோகைனின் என்று இரண்டு சுரப்புகள். முதலாவது தூக்கலாக இருந்தால் அந்தச் சதைப்பிண்டம் வேர் விட்டது. இரண்டாவது தூக்கலானால் தளிர் விட்டது. இரண்டும் சரிசமமானால் வேரும் இல்லாமல் தளிரும் இல்லாமல் வெறும் பிண்டமாகப் பெருகியது. இன்று நம் ஊரில் நடுகிற திசு வாழை எல்லாம் இந்தக் கணக்கில் பிறந்ததுதான். மாயக்கதைக்கு இதைவிட நல்ல அடித்தளம் கிடைக்காது: இரண்டே மருந்து, கலக்கும் விகிதம் மட்டும் ரகசியம். விகிதம் தவறினால் அவள் கையில் வருவது உருவமில்லாமல் வளர்ந்துகொண்டே போகும் பிண்டம். உங்கள் கதையில் ஒரு பயங்கரம் வேண்டுமென்றால் அதுதான். கோரப்பல் எல்லாம் தேவையில்லை. என்ன ஆக வேண்டும் என்று தெரியாமல் வளர்கிற ஒன்றைப் பார்ப்பதே போதுமான பயம்.

அந்த மருந்துகளில் ஒன்றை அவள் எங்கிருந்து எடுப்பாள் என்பதற்கும் நம் பக்கமே விடை இருக்கிறது. இளநீரில் சைட்டோகைனின் இயற்கையாகவே உண்டு. 1941இல் வான் ஓவர்பீக் ஊமத்தையின் கருவைச் சோதனைக் குடுவையில் வளர்க்க முயன்று, தேங்காய்க்குள் இருக்கும் நீரைச் சேர்த்தபோதுதான் அது நன்றாக வளர்ந்தது. ஊமத்தையும் இளநீரும்! சித்த வைத்தியர் வீட்டுக் கொல்லையிலேயே இரண்டும் கிடைக்கும். கதாபாத்திரங்களுக்கு ஆக்சின் என்ற பெயரெல்லாம் தெரிய வேண்டாம். ‘ஏறுமருந்து, இறங்குமருந்து’ என்று ஏதாவது வைத்துக்கொள்ளுங்கள். விகிதம் உங்களுக்கு மட்டும் தெரிந்தால் போதும்.

அடுத்த நிபந்தனைதான் எனக்குப் பிடித்தது. உண்மையில் நடந்த ஒரு கதையோடு அதைச் சொல்ல வேண்டும்.

மைசூர்ப் போர்க் காலம், 1792. ஆங்கிலேயக் கும்பினிப் படையில் மாட்டுவண்டி ஓட்டிய கவாஸ்ஜி என்பவர் திப்புவின் ஆட்களிடம் சிக்கி மூக்கை இழந்தார். பிறகு பூனா பக்கத்தில் செங்கல் அறுக்கும் வகுப்பைச் சேர்ந்த ஒருவர் அவருக்குப் புது மூக்கு செய்து வைத்தார். 1794 அக்டோபரில் லண்டனில் ‘ஜென்டில்மேன்ஸ் மேகசின்’ என்ற பத்திரிகை இதைப் படத்தோடு வெளியிட்டது. அதைப் படித்த கார்ப்யூ என்ற மருத்துவர் பல ஆண்டு யோசித்து 1814இல் அங்கே அதே முறையைச் செய்து பார்த்தார். இன்றைய ஒட்டறுவை மருத்துவத்துக்கு ஒரு வேர் இங்கே இருக்கிறது.

செய்முறையைக் கவனியுங்கள். முதலில் மெல்லிய மெழுகுத் தகட்டை அறுந்த மூக்கின் மேல் மூக்கின் உருவமாகவே அமைக்கிறார். பிறகு அதை எடுத்துத் தட்டையாக்கி நெற்றியில் வைத்து, சுற்றிக் கோடு போடுகிறார். கோட்டின்படி நெற்றித் தோலை உரித்தெடுக்கும்போது இரண்டு கண்களுக்கும் நடுவே ஒரு சின்னப் பட்டையை மட்டும் அறுக்காமல் விடுகிறார். தோலைக் கீழே திருப்பி மூக்கின் இடத்தில் பொருத்துகிறார். காசுக்கட்டியைத் தண்ணீரில் குழைத்துத் துணித்துண்டுகளில் தடவி, அடுக்கடுக்காகப் போட்டுப் பிடிக்க வைக்கிறார். நாலு நாள் கழித்து அதை எடுத்துவிட்டு நெய்யில் நனைத்த துணி. ஏறத்தாழ இருபத்தைந்தாம் நாள், மூக்கு புது இடத்தில் நன்றாகப் பிடித்துக்கொண்ட பிறகுதான், அந்தக் கண்ணிடைப் பட்டையை வெட்டுகிறார்.

ஏன் அந்தப் பட்டை? அதன் வழியாகத்தான் பழைய இடத்து ரத்தம் புது இடத்துக்கு வந்துகொண்டிருக்கும். புது இடம் சோறு போடத் தொடங்கும் வரைக்கும் பழைய வீட்டிலிருந்து சாப்பாடு வர வேண்டும். முன்னாலேயே வெட்டினால் ஒட்டிய சதை கறுத்து அழுகிவிடும்.

இதையே அவள் தொழிலின் தலைமை விதியாக வையுங்கள். அவள் எதையும் முழுதாக அறுத்து எடுத்து இன்னொன்றில் ஒட்டக்கூடாது. கொடுக்கிற உயிரும் வாங்குகிற உயிரும் ஒரு பாலத்தால் கட்டுண்டு, ஒரே கொட்டகையில் பக்கத்தில் பக்கத்தில் கிடக்க வேண்டும். ஒரு மண்டலம் என்றே வைத்துக்கொள்ளுங்கள். அந்த நாள்களில் ஒன்று அசைந்தால் மற்றதுக்கு வலிக்கும், ஒன்றுக்குக் காய்ச்சல் வந்தால் மற்றதுக்கும் வரும். ஒரு பண்ணாடி, அதாவது நிலக்காரர், தன் செல்ல எருதுக்காக ஓர் ஏழைப் பண்ணையாளின் தோலைக் கேட்கிறார் என்று வையுங்கள். எருதும் ஆளும் ஒரே பட்டியில் ஒரே பட்டையால் இணைந்து கிடக்கிறார்கள். அந்த ஒரு மண்டலத்திலேயே உங்கள் நாவலின் பாதி அடங்கிவிடும். மாயம் இருந்தும் அங்கே யாரும் தப்பிக்க முடியாது.

இதோடு சேர்ந்த இன்னொரு கணக்கு. ரத்தக் குழாய் இல்லாத சதைக்குள் பிராணவாயு தானாக ஊறிப் போகும் தூரம் ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒன்று, இரண்டு பங்குதான். அதைவிடத் தடிமனானால் நடுப்பகுதி மூச்சுமுட்டிச் சாகும். இன்றைக்கும் ஆய்வகங்களில் முழு உறுப்பை வளர்க்க விடாமல் தடுக்கிற பெரிய சுவர் இதுவே. எனவே உங்கள் நாயகி முதலில் வளர்க்க வேண்டியது சதையை இல்லை, ரத்த ஓடையை. நம் ஊர் ஆளுக்கு இதைப் புரியவைக்கக் கஷ்டப்பட வேண்டாம். வாய்க்கால் வெட்டாமல் வயல் போடுகிறவன் யார்?

சரி, ஒட்டியாயிற்று, ரத்தமும் ஓடுகிறது. அப்புறம் வருவது மறுப்பு. ஓர் உடம்பு இன்னொரு உடம்பின் சதையை அந்நியன் என்று கண்டுபிடித்துச் சில நாளில் உதிர்த்துவிடும். மெடவார் என்ற ஆய்வாளர் இரண்டாம் உலகப் போரில் தீக்காயம் பட்டவர்களுக்குத் தோல் ஒட்டும்போது இதில்தான் மண்டையை உடைத்துக்கொண்டார். பின்னாளில், 1960இல், அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. அந்தப் பரிசுக்குப் போன பாதையில் மாடு ஒன்று படுத்திருக்கிறது என்பது பலருக்குத் தெரியாது.

மாட்டுக்கு இரட்டைக் கன்று அபூர்வம். அப்படித் தரிக்கும்போது பெரும்பாலும் இரண்டு கருவின் ரத்தக் குழாய்களும் வயிற்றுக்குள்ளேயே ஒன்றோடொன்று இணைந்துவிடும். காளையும் கிடேரியுமாகப் பிறந்தால், அந்தக் கிடேரி பத்துக்கு ஒன்பது சினை பிடிக்காது. இது தெரிந்த பழைய பண்ணயக்காரர்கள் அதைச் சந்தைக்கு ஓட்டிவிடுவார்கள். 1945இல் ரே ஓவன், இப்படிப் பிறந்த கன்றுகள் ஒவ்வொன்றின் ரத்தத்திலும் மற்றதன் அணுக்களும் கலந்து வாழ்கின்றன என்று காட்டினார். சில ஆண்டு கழித்து மெடவார் குழு இரட்டைக் கன்றுகளுக்கிடையே தோலை மாற்றி ஒட்டிப் பார்த்தது. ஒரே முட்டையில் பிறக்காத இரட்டைகூட மற்றதன் தோலை ஏற்றுக்கொண்டது. வயிற்றுக்குள் இருக்கும்போதே அறிமுகமானவனை உடம்பு அந்நியனாக நினைப்பதில்லை.

இப்போது உங்கள் கதைக்கு வாருங்கள். வேறு வேறு உயிரை இணைக்க வேண்டுமென்றால் ஊன்வினைச்சிக்கு நடுவராக ஒரு பொருள் வேண்டும்: மலட்டு இரட்டைக் கிடேரியின் ரத்தம். ஊரார் கறிக்குக் கழித்துவிடுகிற அந்தக் கிடேரிதான் அவள் கண்ணில் தங்கம். கண்ணபுரம் தேருக்குக் கூடும் மாட்டுச் சந்தையில் எல்லாரும் திமிலையும் கொம்பையும் பார்த்துக்கொண்டிருக்க, அவள் மட்டும் ஓரத்தில் யாரும் கேட்காத கிடேரியின் முன் நின்று, தரகரின் துண்டுக்குள் கைவிட்டு விரல் பிடித்து விலை பேசுகிறாள். தரகருக்குச் சந்தேகம் தட்டுகிறது, இந்த அம்முணி எதற்கு இதை இந்த விலைக்குக் கேட்கிறது? இந்த ஒரு காட்சியில் அவள் தொழிலும் அவள் தந்திரமும் விளங்கிவிடும்.

இன்னொரு வழியும் உண்டு. பிறந்த பிறகு இணைக்காமல், கருவாக இருக்கும்போதே கலப்பது. 1984இல் இங்கிலாந்தில் செம்மறிக் கருவையும் வெள்ளாட்டுக் கருவையும் இப்படிக் கலந்து உயிருள்ள குட்டியே பிறந்தது. உடம்பில் ஓரிடத்தில் கம்பளி, ஓரிடத்தில் வெறும் மயிர். இரண்டும் கலங்கி ஒன்றாகிவிடவில்லை, திட்டுத் திட்டாகப் பங்கு பிரித்துக்கொண்டன. உங்கள் கதையில் கலப்புயிர் வந்தால் அப்படி எழுதுங்கள். மேச்சேரிச் செம்மறியும் வெள்ளாடும் கலந்த குட்டி ஒன்று, பாதி உடம்பு பட்டியோடு போக, பாதி உடம்பு வேலி ஏறி முருங்கையை எட்டப் பார்க்கிறது என்றால் சிரிப்பும் வரும், கொஞ்சம் சங்கடமும் வரும்.

சதைக்கு ஞாபகமும் உண்டு. நெற்றித் தோலால் செய்த மூக்கில், மயிர் எல்லையையும் சேர்த்து எடுத்திருந்தால், மூக்கிலும் மயிர் முளைக்கும். தலைமயிர் நடுகிற மருத்துவமே இந்தக் குணத்தை நம்பித்தான் நடக்கிறது. எடுத்த இடத்தின் சுபாவம் நட்ட இடத்திலும் மாறாது. இதைக் கொங்கு நாட்டில் எங்கே பொருத்துவது என்று யோசித்தால் ஒரே இடம்தான் தோன்றுகிறது. சுழி.

மாடு வாங்குகிறவர் பல்லைப் பார்ப்பதற்கு முன் சுழியைப் பார்க்கிற ஊர் இது. கோபுரச் சுழி இருந்தால் குடும்பம் ஓங்கும், பாடைச் சுழி இருந்தால் எஜமானுக்கு ஆகாது என்று நூறு நம்பிக்கை. சுழி தாயின் வயிற்றிலேயே, தோல் விரிந்து வளரும்போது விழுவது. பலனைப் பற்றி நான் ஒன்றும் சொல்லமாட்டேன். ஆனால் 1995இல் அமெரிக்காவில் டெம்பிள் கிராண்டின் குழு, நெற்றிச் சுழி கண்மட்டத்துக்கு மேலே இருக்கிற மாடுகள் பிடித்துக் கட்டும்போது அதிகம் மிரளுவதாகக் கண்டது. ஆகவே சுழி பார்ப்பவரைக் கேலி செய்து எழுத வேண்டாம். அந்தப் பார்வையில் ஏதோ இருக்கிறது.

அப்படிப்பட்ட ஊரில் ஊன்வினைச்சிக்கு முதலில் வருகிற கள்ள வேலை என்னவாக இருக்கும்? பேய் செய்வதா? இல்லை. சுழி மாற்றுவது.

“அம்முணி, இந்தப் பாடைச்சுழிய மட்டும் கொஞ்சம் அந்தப் பக்கம் நவுத்தி வெச்சிருங்க. ஏவாரம் முடிஞ்சா உங்களுக்கும் ஒரு பங்கு.”

“நவுத்துனா நவுருமுங்க. மயிரு எந்தப் பக்கம் படுக்கோணும்ங்கறத அது மறக்காதுங்க. மழ நனஞ்சா காட்டிக் குடுத்துரும்.”

“சந்தையன்னிக்கு மழ வராதுங்க.”

வரும் என்று வாசகனுக்கு அப்போதே தெரியும். சந்தையன்று நெஞ்சு படபடக்க வானத்தைப் பார்க்கிற தரகர் உங்களுக்கு இலவசமாகக் கிடைத்துவிட்டார்.

காலம் பற்றிச் சொல்ல நம்மிடம் அவினாசி இருக்கிறது. முதலை விழுங்கிய பிள்ளையைச் சுந்தரர் பதிகம் பாடி மீட்டபோது, அவன் விழுங்கப்பட்ட வயதில் வரவில்லை. இடையில் போன ஆண்டுகளும் சேர்ந்து வளர்ந்த பிள்ளையாக வந்தான் என்பது தலவரலாறு. இழந்த காலத்தையும் சேர்த்துத் தர சாமியால் முடியும். உங்கள் ஊன்வினைச்சியால் முடியக்கூடாது. கன்று காளையாகிற காலம் அவளுக்கும் உண்டு. காங்கயம் கன்று செவலையாக (சிவப்பாக) பிறந்து மயிலையாக (சாம்பல் நிறமாக) மாறுவதற்கே ஆறு மாதம்போல் ஆகிறது. அவள் சுருக்கக்கூடிய ஒரே இடம் பட்டுப்புழு. அது ஒரு மாதத்துக்குள் பல்லாயிரம் மடங்கு எடை ஏறுகிற உயிர். அதற்குள் சின்னச் சுரப்பி ஜோடி ஒன்று ‘இன்னும் குழந்தையாகவே இரு’ என்று சொல்லிக்கொண்டிருக்கிறது. இளம் புழுவில் அதை எடுத்துவிட்டால் புழு அவசரமாகக் கூடு கட்டிக் குட்டிப் பூச்சியாகிவிடும் என்று 1930களிலேயே செய்து காட்டியிருக்கிறார்கள். எனவே சீக்கிரம் வேண்டுமென்று கேட்கிறவனுக்கு அவளிடம் ஒரே பதில்: சீக்கிரம் செய்யலாம், சின்னதாகத்தான் வரும்.

அவள் என்னதான் செய்து கொடுப்பாள்? இங்கே பறக்கும் குதிரைக்கு ஆசைப்படாதீர்கள். பேரூர்க் கனகசபைத் தூணில் யாளி நன்றாக நிற்கிறது, அது கல்லாக இருப்பதால். ஒரு காளையை நீளம், அகலம், உயரம் மூன்றிலும் இரண்டு மடங்காக்கினால் எடை எட்டு மடங்காகும், கால் எலும்பின் குறுக்குவெட்டு நாலு மடங்குதான் ஆகும். 500 கிலோக் காளை 4,000 கிலோவாகி, ஒவ்வொரு சதுர அங்குல எலும்பும் இரட்டைச் சுமை தாங்க வேண்டும். கலிலியோ 1638இலேயே இதை எழுதிவிட்டார். அவள் பெரிதாகச் செய்யச் செய்ய அது அழகு குறைந்து தடித்த காலோடு உருள வேண்டியதுதான்.

நான் எழுதினால் ஊருக்குத் தேவையான பொருள்களைச் செய்ய வைப்பேன். கவலையில் கட்டும் தோல்பை அடிக்கடி கிழியும், தைத்துத் தைத்துக் கை ஓயும். அவள் செய்த உயிருள்ள தோல்பை தன் ஓட்டையைத் தானே மூடிக்கொள்ளும். ஆனால் அதற்குத் தினம் ஒருவேளை கூழ் ஊற்ற வேண்டும், வெயிலில் போடக்கூடாது, பஞ்சத்தில் கூழ் இல்லாத வாரம் அது கிணற்றுக்குள் அழும். கொறங்காட்டை, அதாவது மானாவாரி மேய்ச்சல் நிலத்தை, சுற்றியிருக்கும் கிளுவை வேலியை, தன் பட்டி மாட்டின் மூச்சைத் தெரிந்து வழிவிடும்படி வளர்க்கலாம். மாடு விற்கப்பட்டு வேறு கைக்குப் போன பிறகும் வேலி அதைத் தேடிக்கொண்டிருக்கும். பட்டுப்புழுவை மூலை முடுக்கு இல்லாத தட்டையான பலகையில் விட்டால் கூடு கட்ட முடியாமல் தட்டையாகவே நூற்றுக்கொண்டு போகும், இது மாயமே இல்லை. அந்தத் தகட்டை அவள் காயத்தின் மேல் உயிரோடு நூற்க வைத்தால் அதுவே மருந்து, அதுவே கட்டு. செடி வேலையும் உண்டு, ஆனால் அங்கே வரம்பு கறார். கத்தரியைச் சுண்டைக்காய் வேரில் ஒட்டலாம், இரண்டும் ஒரே குடும்பம். வளர்ந்த தென்னை, கரும்பு, மஞ்சள் இவற்றில் ஒட்டு நிற்காது. ஒட்டுப் பிடிக்க வைக்கும் பச்சை வளையம் அவற்றின் தண்டில் இல்லை. ஈரோட்டு மஞ்சள்காட்டுக்காரர் எத்தனை மூட்டை கொடுத்தாலும் அவள் கைவிரிக்க வேண்டியதுதான்.

அவள் செய்வது சந்ததிக்குப் போகாது என்பதையும் மறக்கவேண்டாம். ஒட்டிய தோலோடு நிற்கிற பசு ஈன்றால் கன்று சாதாரணக் கன்றுதான். பரம்பரையை மாற்றுகிறவர்கள் வேறு கட்சி. கொங்கில் அந்தக் கட்சிக்குப் பெருமை அதிகம். காங்கயம் இனத்தைப் பழையகோட்டைப் பட்டக்காரர்கள் தேர்ந்தெடுத்துத் தேர்ந்தெடுத்துப் பேணினார்கள். கோயம்புத்தூரில் 1912இல் கரும்பு இனப்பெருக்க நிலையம் வந்தது. அங்கே நல்ல கரும்பையும் காட்டு நாணல் கரும்பையும் கலந்து உண்டாக்கிய கோ 205, 1918இல் வெளிவந்து வடநாட்டு வயலுக்குப் போனது. இனம் கட்டுகிறவருக்கு அவள் ஒட்டுப்போட்டு ஏமாற்றுகிறவள். அவளுக்கு அவர், பத்துத் தலைமுறை மாட்டைக் கழித்துக் கட்டி ஒன்றைக் காப்பாற்றுகிறவர். இருவர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. உங்கள் கதைக்கு வில்லன் தேவைப்பட்டால் அந்தப் பக்கம் போகலாம், ஆனால் அவரை முட்டாளாக்காதீர்கள்.

கருவிகளைப் பற்றி நீட்ட வேண்டியதில்லை. மெழுகு, காசுக்கட்டி, நெய், இளநீர், ஒட்டுக்கத்தி, புங்கெண்ணெய் விளக்கு. பயிற்சிப் படிகளுக்குச் சித்த மருத்துவத்தின் ஏழு உடற்கட்டுகளை அப்படியே எடுத்துக்கொள்ளலாம்: சாரம், செந்நீர், ஊன், கொழுப்பு, என்பு, மூளை, கடைசியாகச் சுக்கிலம் அல்லது சுரோணிதம். செந்நீர் கற்காமல் ஊனில் கைவைக்கக்கூடாது என்று இந்த வரிசையே சொல்கிறது, மேலே சொன்ன ரத்த ஓடைக் கணக்கோடும் ஒத்துப்போகிறது. ஆறாவது படியை அவள் அம்முச்சியோடு (தாய்வழிப் பாட்டியோடு) நிறுத்திவிட்டார்கள் என்று வைத்தால் அதற்குப் பின்னால் ஒரு கதை தானாக வரும்.

ஊரில் அவள் இடம். இதைத்தான் நீங்கள் கவனமாக எழுத வேண்டும். கவாஸ்ஜிக்கு மூக்கு செய்தவர் செங்கல் அறுக்கும் வகுப்பைச் சேர்ந்தவர் என்று பத்திரிகை எழுதியது, பெயரைப் பதிவு செய்யவில்லை. நம் பக்கமும் பிள்ளைப்பேறு பார்த்த கை, தோலைப் பதப்படுத்திய கை, செத்த மாட்டை இழுத்துப்போன கை எல்லாம் ஊருக்கு வெளியேதான் வைக்கப்பட்டன. அவை இல்லாமல் ஒரு நாள் ஓடாது, ஆனாலும் திண்ணையில் உட்காரச் சொல்ல மாட்டார்கள். ஊன்வினைச்சி மட்டும் அரண்மனையில் தங்க மோதிரம் வாங்குவாள் என்று எழுதினால் நம்ப முடியாது. அவளுக்குக் களத்தில் மேரை, அதாவது தானியக் கூலி, உண்டு, போரடித்த பிறகு கடைசியாக அளப்பார்கள். நள்ளிரவில் கதவைத் தட்டிக் கூப்பிடுகிற பண்ணாடி வீட்டம்மா பகலில் தெருவில் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். அந்த அம்மாவின் முகமே அவள் செய்து கொடுத்ததாக இருக்கலாம்.

தொழில் எப்படி அழிந்தது என்று காட்ட விரும்பினால் நீலகிரியின் பைக்காரா மின்சாரத்தைக் கொண்டுவாருங்கள். 1932இல் அங்கே மின்உற்பத்தி தொடங்கியது. கோவைப் பக்கம் கிணறுகளில் மோட்டார் ஏற ஏறக் கவலை நின்றது. உயிருள்ள தோல்பைக்கு இனி யார் கூழ் ஊற்றுவார்கள்?

கடைசியாக, இறந்ததை எழுப்பலாமா என்று கேட்டிருந்தீர்கள். முழுதாகக் கூடாது, ஓரளவு முடியும். 2008இல் மினசோட்டாவில் ஒரு குழு செத்த எலியின் இதயத்திலிருந்து அணுக்களை எல்லாம் கழுவி எடுத்தது. மிஞ்சியது வெளுத்த சட்டகம் மட்டும், குழாய்களின் பாதைகூட அப்படியே. அதில் பிறந்த எலிக்குட்டிகளின் இதய அணுக்களைக் குடியேற்றினார்கள். எட்டாம் நாள் வாக்கில் அது துடித்தது, ரத்தம் தள்ளும் வலு வளர்ந்த இதயத்தில் சுமார் இரண்டு சதவீதம். தவளைக் கருவின் தோல், இதய அணுக்களை மட்டும் வைத்து 2020இல் செய்த ‘ஜெனோபாட்’களும் ஒரு மில்லிமீட்டருக்குள்தான். தானாக நகர்ந்தன, தீனி இல்லாமல் ஒரு வாரம்போல இருந்து அடங்கின. உங்கள் நாயகிக்கும் அந்த அளவே கொடுங்கள். செத்த எருதைக் கொண்டுவருகிறவனுக்கு அந்த எருதின் சட்டகத்தில் வேறொரு கன்றின் உயிரணுவைக் குடிவைத்துத் தரலாம். நிற்கும், மூச்சு விடும், ஏர் இழுக்காது, அவன் குரலுக்குத் திரும்பாது. அதையும் முன்கூட்டியே சொல்லிவிட்டுத்தான் கூலி வாங்குவாள். அப்படியும் வேண்டும் என்று நிற்கிறவர்கள் இருப்பார்கள்.

எழுதத் தொடங்கும்போது நாள்காட்டி ஒன்றைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். கண்ணபுரம் மாரியம்மன் தேரும் மாட்டுச் சந்தையும் சித்திரையில், கொறங்காடு காய்ந்து வெள்வேல மரத்து நெற்றுதான் ஆட்டுக்குத் தீனியாக இருக்கும் நேரம். கோடைமழை திடீரென்று இறங்குகிற மாதமும் அதுதான், சுழிக்காரத் தரகரை அங்கே வையுங்கள். குதிரையும் வேண்டுமென்றால் அந்தியூர்க் குருநாதசாமி கோயில் சந்தை, அது ஆடியில்.